கல்தாரிலிருந்து வந்த அருவி

குற்றாலத்தில் மெயினருவிக்குப் போகும் சாலையோரம் பழக்கடை வைத்திருக்கும் உலகம்மை, விருதுநகர்க்காரர் ஒருவருக்கு மங்குஸ்தான் பழத்தைப் பிளந்து காட்டிக்கொண்டிருந்தபோதுதான் அந்தப் பெயர் அவள் காதில் விழுந்தது.

பக்கத்து சிப்ஸ் கடையில் தொலைக்காட்சி ஓடிக்கொண்டிருந்தது. எல்லையில் மறுபடியும் சண்டை தொடங்கியிருந்த நேரம். அங்கிருந்து சுடுகிறார்கள், இங்கிருந்து சுடுகிறார்கள் என்று இரண்டு நாளாக அதே செய்திதான். அதைக் கேட்டுக் கேட்டு, ஒவ்வொரு முறையும் தெரிந்த பெயர் எதுவும் வராததில் ஆறுதல் அடைந்து, அவள் வியாபாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இன்று அதிகாலை கல்தார் என்ற மலைக்கிராமத்தில் குண்டுகள் விழுந்தன. அங்கே கட்டப்பட்டுவரும் பாலத்தின் அருகில் வீடுகள் இடிந்துள்ளன. உயிர்ச்சேதம் பற்றிய விவரம் இன்னும்..."

மங்குஸ்தான் தோலின் கறை துணியில் பட்டால் போகாது. அதனால் எப்போதும் முந்தானையை இடுப்பில் செருகிக்கொண்டுதான் அவள் பழத்தை வெட்டுவாள். அன்று அந்த முந்தானையாலேயே வாயைப் பொத்திக்கொண்டாள். சேலையெல்லாம் கருஞ்சிவப்பானது. யாரோ அவளைக் குத்திவிட்டார்கள் என்று எண்ணி விருதுநகர்க்காரர் இரண்டடி பின்வாங்கினார்.

"என்னம்மா உலகம்மை, என்னாச்சு?" என்று சிப்ஸ் கடை பேச்சிராஜ் எட்டிப் பார்த்தார்.

"அண்ணாச்சி... கல்தாருங்கான். எங்க வீட்டுக்காரரு இருக்கிற ஊரு அண்ணாச்சி அது!"

ஆமாம். இரண்டு நாடுகளும் தமதென்று சொல்லும் அந்த மலையில், பனிக்காலத்தில் பாதை அடைபட்டுவிடும் அந்தச் சின்னஞ்சிறு ஊரில்தான் அவளுடைய தாலிக்கு உரியவன் இருந்தான்.

சுடலைமுத்து ஜேசிபி ஆப்பரேட்டர். கல்யாணமான காலத்தில் தென்காசிப் பக்கத்துக் கல்குவாரி ஒன்றில் வேலை. மேலகரத்தில் வாடகை வீடு. சாயங்காலம் தலையெல்லாம் கல்தூசியோடு வருவான். குவாரியை மூடினார்கள். ஒரே மகள் மாரி நாகர்கோவிலில் விடுதியில் தங்கி நர்சிங் படிக்கச் சேர்ந்ததும் அதே வருஷம்தான். எல்லைச் சாலை போடும் ஒப்பந்தக்காரர் ஒருவர் ஆள் எடுக்கிறார் என்று தெரிந்து கிளம்பிவிட்டான்.

"ஊரு பேரே கல்தாருட்டி. கல்லும் தாரும்! ரோடு போடப் போறவனுக்கு இதவிடப் பொருத்தமான ஊரு கிடைக்குமா?" என்று பையைத் தோளில் போட்டுக்கொண்டு சிரித்தான். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

நம் ஊர் சிம் அங்கே எடுக்காது. அதனால் அவன் குடியிருந்த வீட்டுக்காரி குல்ஷன் பீயின் செல்போனில்தான் பேசுவான். அந்த எண்ணை உலகம்மை 'மலை வீடு' என்று பதிந்து வைத்திருந்தாள். குல்ஷன் பீ கணவனை இழந்தவள். மகள் ரூபினாவும், எண்பதைத் தாண்டிய மாமனாரும்தான் அவளுக்கு உறவு. கீழ்த்தளத்தில் மாடுகள், அதை ஒட்டி சுடலைமுத்துவின் அறை, மேலே குடும்பம், அதற்கும் மேலே மண் பூசிய தட்டைக் கூரை. கூரையில் ஏறி, வாதுமை மரத்துப் பக்கம் சாய்ந்து நின்றால்தான் சிக்னல் கிடைக்கும்.

அந்தக் கிழவரைப் பற்றி சுடலைமுத்து கதை கதையாகச் சொல்லுவான். "பாபாவுக்கு போட்டோ எடுத்தா ஆகாதுட்டி. செல்ல நீட்டுனா போதும், கம்பளிய இழுத்து மூஞ்சிய மூடிக்கிடுவாரு. எடுத்தா பாவமாம். அவரு கல்யாணத்துக்குக்கூட படம் கிடையாதாம். ஆனா பாசக்கார மனுசன். எனக்குன்னு தினம் மக்காச்சோள ரொட்டி கொண்டாந்து வைப்பாரு. 'மதராஸி, தின்னு'ம்பாரு."

குல்ஷன் பீயும் உலகம்மையும் ஒருவர் மொழியை ஒருவர் அறியாதவர்கள். இருந்தாலும் போன் கைமாறும்போது அவள் "சலாம் பஹன்" என்பாள். இவள் "நல்லா இருக்கியளாக்கா" என்பாள். அதற்குமேல் இருவரும் சிரிப்பதோடு சரி. உண்மையாகவே ஏதாவது பேச வேண்டுமென்றால் பக்கத்து வீட்டு ரஹ்மத்துன்னிசா வர வேண்டும். கணவர் அகமது கபீரோடு பல வருஷம் சவூதியில், தம்மாமில் இருந்தவள் அவள். அங்கே அண்டை வீட்டு ஹைதராபாத்துக்காரிகளிடம் சண்டை போட்டுப் போட்டே இந்தி கற்றவள்.

இனி, அந்தப் பாழாய்ப்போன காலைப்பொழுதைச் சொல்ல வேண்டும்.

குற்றாலத்தில் கடை வைத்திருக்கிறவர்களுக்கு விடிந்ததும் முதல் வேலை, அருவியைப் படம்பிடித்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் போடுவது. 'மெயினருவியில் நல்ல தண்ணீர். ஐந்தருவி பரவாயில்லை. சாரல் உண்டு.' இதைப் பார்த்துத்தான் ராஜபாளையத்துக்காரர்களும் சிவகாசிக்காரர்களும் வேன் பிடிப்பார்கள். உலகம்மையின் போனில் வாடிக்கையாளர் எண்கள் குவிந்து கிடந்தன. அவள் போடுவதை பேச்சிராஜ் எடுத்து, தான் நடத்தும் 'குற்றாலச் சாரல்' என்ற முகநூல் பக்கத்தில் போடுவார். அந்தப் பக்கத்தைப் பார்க்காமல் காரைக் கிளப்பாதவர்கள் ஏராளம்.

அந்த வருஷம் சீசன் தொடங்கிய வேகத்தில் ஓய்ந்துவிட்டது. ஆனி மாதத்தில் பாறை காய்ந்து கிடந்தது. போட ஒன்றுமில்லை. 'தண்ணீர் இல்லை' என்று போட்டால் இருக்கிற நாலு பேரும் வரமாட்டார்கள். அந்தச் சமயத்தில்தான் சுடலைமுத்து ஒரு வீடியோ அனுப்பினான். பனி உருகி, ஊருக்கு எதிரே ஒரு மலையே வெள்ளையாகக் கொட்டியது. "ஏட்டி உலகு, பாரு! நம்ம அஞ்சருவி அஞ்சும் சேந்து ஒண்ணா விழுந்தாக்கூட இதுக்கு ஈடாகாது!" என்று அவன் குரல். படம் மெல்ல நகர்கிறது. தட்டைக் கூரையில் ஒரு கிழவர் கம்பளி போர்த்தி, கோலால் எதையோ கிளறிக்கொண்டே நடக்கிறார். திடீரென்று திரும்பிப் பார்த்து, தன்னைத்தான் எடுக்கிறான் என்று புரிந்ததும் கோலை ஓங்குகிறார். பொக்கைவாய் திறந்து ஒரு அதட்டல். சுடலைமுத்து சிரிக்கிற சிரிப்போடு படம் முடிகிறது.

எவ்வளவு அழகு! உலகம்மை அதை ஸ்டேட்டஸில் போட்டாள். 'மெயினருவியில் தண்ணி இல்லைன்னு கவலைப்படாதீங்க. இது எங்க வீட்டுக்காரர் வேலை பார்க்கும் கல்தார் அருவி!' பேச்சிராஜ் அதைத் தன் பக்கத்தில் ஏற்றினார். சாயங்காலத்துக்குள் ஆயிரக்கணக்கானவர்கள் பார்த்துவிட்டார்கள். 'தாத்தா சூப்பர்', 'கோல் தாத்தா வாழ்க' என்றெல்லாம் எழுதினார்கள். ஒரே ஒருவன் மட்டும், 'பின்னால தெரியிறது மிலிட்டரி பாலம்தானே?' என்று கேட்டிருந்தான்.

உலகம்மை திரும்பப் போட்டுப் பார்த்தாள். தெரிந்தது. அருவிக்குக் கீழே, மூலையில், இரும்புப் பாலம்.

ரொம்ப நாளைக்கு முன்பே சுடலைமுத்து சொல்லியிருந்தான். "கேம்ப்பையும் பாலத்தையும் படம் எடுக்கக் கூடாது. மிலிட்டரிக்காரன் செல்ல வாங்கிப் பாப்பான். எது அனுப்புனாலும் அனுப்புன கையோட இங்கன அழிச்சிருவேன். நீயும் யாருக்கும் காட்டாத." அருவியைத்தானே போட்டோம், பாலத்தையா போட்டோம் என்று அவள் தன்னைத்தானே சமாதானப்படுத்திக்கொண்டாள்.

சண்டை தொடங்குவதற்கு முந்தின நாள் அவன் பேசினான். குரலில் சிரிப்பில்லை.

"உலகு, யாரோ பாலத்த வீடியோ எடுத்து வெளிய விட்டுட்டானாம். ஆபீசர் வந்து ஒவ்வொருத்தனா கூப்பிட்டு விசாரிக்காரு. நான் அனுப்புனது உங்கிட்டதான இருக்கு?"

"எங்கிட்டதாங்க இருக்கு" என்றாள்.

கட்டிய கணவனிடம் அவள் சொன்ன முதல் பெரிய பொய் அது. அதன்பிறகு மலை வீட்டிலிருந்து அழைப்பே வரவில்லை.

தொலைக்காட்சியில் அந்தப் பெயரைக் கேட்டபின் உலகம்மை விடாமல் அழைத்துப் பார்த்தாள். 'நீங்கள் தொடர்பு கொள்ளும் வாடிக்கையாளர் தொடர்பு எல்லைக்கு அப்பால் உள்ளார்' என்று ஒரு பெண் குரல் பதறாமல் சொன்னது. எந்த எல்லை, எந்த அப்பால் என்று அந்தக் குரலின் கழுத்தைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது அவளுக்கு.

கடை வாசலில் நாலைந்து பேர் கூடிவிட்டார்கள். பேச்சிராஜ் நல்லவர்தான், ஆனால் வாய் அடங்காத மனிதர். அழுகிற வீட்டிலும் எதையாவது சொல்லிச் சிரிக்கவைக்கப் பார்ப்பார்.

"நாம போட்ட வீடியோவப் பாத்துத்தான் அவன் பாலத்துக்குக் குறி வச்சானோ என்னவோ! பாத்தியளா, குற்றாலத்துல சிப்ஸ் பொரிச்சுக்கிட்டே நாம யுத்தம் நடத்துதோம்!"

யாரும் சிரிக்கவில்லை. சொன்ன பேச்சிராஜின் முகமே, சொல்லி முடித்த கணத்தில், எண்ணெயில் போட்ட வாழைக்காய்ச் சீவல் போலச் சுருங்கிப் போனது.

உலகம்மை அவர் கையைப் பற்றிக்கொண்டாள்.

"அண்ணாச்சி, அத அழிச்சிருங்க. இப்பவே அழிச்சிருங்க."

"அழிக்கேன் தாயி, அழிக்கேன்."

"எம் முன்னால அழிங்க! செல்லுல குப்பத்தொட்டி இருக்குமே, அதுலயும் இருக்கக் கூடாது. ஒரு சொட்டுகூட இருக்கக் கூடாது!"

பேச்சிராஜ் அழித்தார். பக்கத்திலிருந்து நீக்கினார், போனிலிருந்து நீக்கினார், குப்பைத்தொட்டியையும் காலி செய்து அவளிடம் காட்டினார். உலகம்மையும் தன் போனில் அதை அழித்தாள். மலை வீட்டிலிருந்து வந்த பழைய செய்திகள் எல்லாவற்றையும் சேர்த்தே துடைத்தாள். தெரிந்த வாடிக்கையாளர்களுக்கெல்லாம், 'அந்த அருவி வீடியோவைத் தயவுசெய்து அழித்துவிடுங்கள், என் வீட்டுக்காரர் உயிர்' என்று குரல் செய்தி அனுப்பினாள்.

அந்த நாட்களில் அவள் பட்ட பாட்டை எழுத்தில் எப்படிச் சொல்வது! காக்கிச் சட்டை தூரத்தில் தெரிந்தால் தராசுக்குப் பின்னால் குனிந்துகொள்வாள். சீசன் காவலுக்கு வந்த போலீஸ்காரர் ஒருவர் ரம்புத்தான் விலை கேட்டதற்கு, "நான் ஒண்ணும் போடலைங்க ஐயா" என்று உளறினாள். அவர் விழித்தார். மகள் போன் செய்து "அப்பா பேசுனாவளாம்மா?" என்றால், "பேசுனாக, பேசுனாக" என்று சொல்லி வைத்துவிட்டு வாயில் துணியை அடைத்துக்கொண்டு அழுவாள். கண்ணை மூடினால் ஒரு குண்டு பறந்து வரும். அது எங்கோ ஒரு மலையிலிருந்து கிளம்புவதில்லை; அவளுடைய கட்டைவிரலிலிருந்து கிளம்பும்.

தென்காசிக் கோயிலில் உலகம்மன் சன்னிதியில் நின்று, தன் பெயர் கொண்ட தாயிடம் அவள் கேட்டது ஒன்றே ஒன்று: "அவுகள எங்கிட்ட தந்துரு. அந்தப் படத்த ஒருத்தர் கண்ணுலயும் படாம ஆக்கிரு."

சண்டை நின்றது என்று செய்தி வந்த அன்று, மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்தவள் மறுபடி அழைத்தபோது, மலை வீட்டு எண் மணியடித்தது. எடுத்தது குல்ஷன் பீ.

உலகம்மை போனைத் தூக்கிக்கொண்டு பக்கத்து வீட்டுக்கு ஓடினாள். சோற்றுக் கையோடு வந்தாள் ரஹ்மத்துன்னிசா. ஒலிபெருக்கியைப் போட்டு இருவரும் தரையில் உட்கார்ந்தார்கள். அந்தப் பக்கத்திலிருந்து மூச்சு விடாத பேச்சு. ரஹ்மத்துன்னிசாவின் முகத்தையே உலகம்மை பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த முகம் முதலில் விரிந்தது. பிறகு இருண்டது.

"லாத்தா, சொல்லு லாத்தா! இருக்காகளா?"

"இருக்காகட்டி! அல்லா காப்பாத்திட்டான். இடது கையில மட்டும் அடியாம். குண்டுக்குப் பதுங்குற பங்கரு வாசல மண்ணு மூடிருச்சாம். உன் வீட்டுக்காரரு ஒரு கையாலயே மிசினு ஓட்டித் தோண்டி, உள்ள இருந்த அம்புட்டுப் பேரையும் வெளிய எடுத்தாகளாம். இப்ப ரோட்டுல மண்ணு அள்ளப் போயிருக்காக. வந்ததும் பேசுவாகளாம்."

உலகம்மை தரையில் தலையை வைத்துக் கும்பிட்டாள். எழுந்திருக்கும்போது ரஹ்மத்துன்னிசா கண்ணைத் துடைப்பதைப் பார்த்தாள்.

"பொறவு ஏன் அழுத?"

"அவ வீடு போச்சுட்டி. இப்ப வாதுமை மரத்தடியிலதான் எல்லாரும் இருக்காகளாம். மாமனாரும் மவுத்தாயிட்டாரு. மாட்ட விட்டுட்டு பங்கருக்கு வரமாட்டேன்னு அங்கனயே இருந்துட்டாராம்."

கோலை ஓங்கிய அந்தப் பொக்கைவாய் உலகம்மையின் கண்முன் வந்து நின்றது. தன் கணவன் பிழைத்துவிட்டான் என்பதோடு வாயை மூடிக்கொண்டிருக்கலாம். அங்கே யாருக்குத் தெரியப்போகிறது? அவளால் முடியவில்லை. போனைப் பார்த்துத் தமிழிலேயே கொட்டினாள். அருவியைப் போட்டது, பாலம் தெரிந்தது, அழித்தது, கணவனிடம் பொய் சொன்னது, "என்னாலதானோ அக்கா, உங்க வீட்டுல குண்டு விழுந்துச்சு, அந்தப் பெரியவரு..." வரை.

அவள் நிறுத்தியதும் ரஹ்மத்துன்னிசா இந்தியில் இரண்டே வார்த்தை சொன்னாள்.

"நான் இம்புட்டு நேரம் பேசுனேன். நீ என்ன சொன்ன?"

"நீ அழுதன்னு சொன்னேன்."

"நான் சொன்னதச் சொல்லு லாத்தா!"

"கோட்டி மாதிரி பேசாத. மய்யித்து வீட்டுல போயி இதச் சொல்லுவாகளா? உன் வீட்டுக்காரரு அவகூடத்தான் இருக்கணும், நெனச்சுக்க."

"நீ சொல்லலைன்னா நான் கையக் கால ஆட்டியாச்சும் வீடியோ காலுல சொல்லுவேன்."

ரஹ்மத்துன்னிசா போனைத் தன் பக்கம் நகர்த்திக்கொண்டாள். பிறகு மெல்ல, நிறுத்தி நிறுத்தி, எல்லாவற்றையும் சொன்னாள்.

அந்தப் பக்கம் சத்தமே இல்லை. எங்கோ ஒரு கன்று கத்துவது மட்டும் கேட்டது. சபிக்கட்டும், திட்டட்டும், கணவனை ஊரைவிட்டு விரட்டட்டும். எதுவென்றாலும் இந்த மௌனத்தைவிடத் தேவலை என்றிருந்தது. கடைசியில் குல்ஷன் பீ பேசினாள். கொஞ்சமாகத்தான் பேசினாள்.

"என்னவாம்?"

ரஹ்மத்துன்னிசா போனைக் கையால் பொத்திக்கொண்டாள். "குண்டு எதைப் பாத்து வருதுன்னு அவளுக்குத் தெரியாதாம். அந்தப் படத்துல பாபா நடக்காராமே, அது மெய்தானான்னு கேக்குதா. எடுக்கையில பக்கத்துல நின்ன ரூபினா சொன்னாளாம். அவருக்கு வேற படமே கிடையாதாம். முகத்த இன்னொருக்கா பாக்கணுமாம். அத அனுப்பச் சொல்லுதாட்டி."

அழித்தாயிற்று. குப்பைத்தொட்டி வரைக்கும் தேடிப்பிடித்து அழித்தாயிற்று.

ஆட்டோ பிடித்துக் குற்றாலம் போய்ச் சேர்ந்தாள். "அண்ணாச்சி, எங்கயாச்சும் இருக்குமா? ஒரு மூலையிலயாச்சும்?" என்று கேட்டபோது பேச்சிராஜ், "நீ சொன்னதுக்காகத் துப்புரவா துடைச்சேன் தாயி" என்று தலையில் கைவைத்துக்கொண்டார். அன்று அவரிடமிருந்து ஒரு வேடிக்கைப் பேச்சும் வரவில்லை.

இனி ஒரே வழிதான். பார்த்தவர்களில், அவள் கெஞ்சியும் கேளாமல், அழிக்காமல் வைத்திருக்கும் யாரோ ஒருவரைக் கண்டுபிடிக்க வேண்டும். அதற்கு மறுபடி ஸ்டேட்டஸ் போட வேண்டும்.

"வேண்டாம்மா" என்றார் பேச்சிராஜ். "அங்க விசாரணை நடக்குதுன்னு நீதான சொன்ன. மறுபடி அந்தப் பேரப் போட்டா நீயே போயி மாட்டிக்கிடுவ. உன் வீட்டுக்காரரையும் சேத்து மாட்டிவிட்டுருவ."

உலகம்மை போனை எடுத்து எழுதினாள். 'கல்தார் அருவி வீடியோ யாரிடமாவது இருந்தால் எனக்கு அனுப்புங்கள். அதில் வரும் பெரியவர் இறந்துவிட்டார். அவர் வீட்டார் கேட்கிறார்கள். அதைப் போட்டது நான்தான்.' எல்லோரும் அழித்திருக்க வேண்டும் என்று வேண்டிய அதே மனம், யாராவது ஒருவர் அழிக்காமல் இருக்க வேண்டும் என்று இப்போது வேண்டியது. கண்ணை இறுக மூடிக்கொண்டு அழுத்தினாள்.

கண்ணைத் திறப்பதற்குள் போன் மணியடித்தது. மலை வீடு.

"ஏட்டி உலகு, நான்தான்" என்றது சுடலைமுத்துவின் குரல். களைத்துப் போன, உயிருள்ள குரல். "ரொம்பப் பயந்துட்டியா?"

அவள் அழவில்லை. பயம் தீரவுமில்லை.

"இன்னும் பயந்துகிட்டுத்தாங்க இருக்கேன்" என்றாள். "அங்கன ஆபீசரு யாரும் பக்கத்துல இருக்காகளா? இருந்தா இருக்கட்டும். நான் உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். முழுசாக் கேட்டுட்டுப் பேசுங்க."